கேமை எடுத்துவிட்டால் எது போகும், எது தங்கும்?

இன்றைய பதிவு கொஞ்சம் நீளம். காபியை எடுத்துக்கொண்டு உட்காருங்கள்.

முழுப் பரீட்சை நெருங்கிவிட்டால் எனக்கு வரும் போன்களில் பாதி ஒரே சங்கதிதான். "சார், பையன் போனை விடவே மாட்டேங்கிறான். அந்த கேமை எடுத்துவிட்டுடலாமா?" இது என்னிடம் படித்து இன்று பெற்றோராகிவிட்டவர்கள் கேட்பது. அதே வீட்டுப் பிள்ளைகள் தனியாகக் கேட்பது வேறு: "தாத்தா, எடுத்துட்டா என் லெவல் எல்லாம் போயிருமா?" அப்பா கேட்பது ஒழுக்கத்தைப் பற்றி. பிள்ளை கேட்பது அவன் சொத்தைப் பற்றி. இரண்டாவது கேள்வியை யாரும் மதிப்பதில்லை. "போனா போகட்டும், அது என்ன பேங்க் பாஸ்புக்கா?" என்று முடித்துவிடுகிறோம்.

நான் முப்பத்து நாலு வருஷம் வரலாறும் புவியியலும் சொல்லிக்கொடுத்தவன். கம்ப்யூட்டர் விஷயத்தில் எனக்கு ஆசிரியர்கள் நீங்கள்தான். பெங்களூரில் மென்பொருள் வேலையில் இருக்கும் என் பழைய மாணவர் ஒருவர் ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்கப் பொறுமையாகச் சொல்லிக்கொடுத்ததை, எனக்குப் பழக்கமான மொழியில் எழுதுகிறேன்.

கேம் என்பது பாடப்புத்தகம். சேவ் என்பது நோட்டு. புத்தகம் தொலைந்தால் இன்னொன்று வாங்கலாம், எல்லாப் பிரதியிலும் அதே எழுத்துதான். நோட்டில் இருப்பது நம் கையெழுத்து. உலகத்திலேயே ஒன்றுதான் இருக்கும். அன்இன்ஸ்டால் செய்வது என்பது பாடப்புத்தகத்தைத் திருப்பிக் கொடுப்பது. கேள்வி என்னவென்றால், கொடுக்கும்போது நோட்டு எங்கே இருக்கிறது? வீட்டு அலமாரியில் தனியாக இருக்கிறதா? திருத்துவதற்காக வாத்தியாரிடம் இருக்கிறதா? அல்லது புத்தகத்துக்கு உள்ளேயே செருகி வைத்திருக்கிறோமா? இந்த மூன்றில் எது என்று தெரிந்துவிட்டால் பாதிப் பயம் போய்விடும். சில சமயம் புதுப் பயம் வரும்.

அலமாரியில் இருப்பதை முதலில் சொல்கிறேன். இது கம்ப்யூட்டர் காலத்துக் கதை. விண்டோஸில் கேமை நிறுவினால் அது பெரும்பாலும் 'புரோகிராம் ஃபைல்ஸ்' என்ற இடத்தில் குடியேறும். நாம் விளையாடிய கணக்கு அங்கே இருக்காது. 'டாக்குமென்ட்ஸ்' உள்ளேயோ, 'ஆப்டேட்டா' என்று கண்ணுக்குத் தெரியாமல் மறைந்திருக்கும் ஒரு ஃபோல்டரிலோ தனியாக இருக்கும். 2007-இல் விண்டோஸ் விஸ்டா வந்தபோது, சாதாரண நிரல்கள் புரோகிராம் ஃபைல்ஸில் எழுதுவதற்குக் கட்டுப்பாடு வந்தது. அதற்குப் பிறகு கேம்கள் எல்லாம் ஒழுங்காக நம் ஃபோல்டரில் எழுதப் பழகிவிட்டன. இன்னொரு காரணமும் உண்டு. அன்இன்ஸ்டால் செய்யும் நிரலிடம் ஒரு பட்டியல் இருக்கும், 'நான் கொண்டுவந்து வைத்த சாமான்கள் இவை' என்று. அதைப் பார்த்துத்தான் அது காலி செய்யும். பிறகு நீங்கள் உண்டாக்கிய ஃபைல் அந்தப் பட்டியலில் இல்லை. ஆகவே பெரும்பாலும் அது தப்பித்துக்கொள்ளும்.

உங்களில் பலருக்கு 'ஜிடிஏ வைஸ் சிட்டி' நினைவிருக்கும். வகுப்பில் மார்த்தாண்ட வர்மன் யார் என்று கேட்டால் முழிப்பீர்கள், அந்த ஊரின் சந்து பொந்தெல்லாம் தெரியும். அதன் சேவ் எல்லாம் டாக்குமென்ட்ஸுக்குள் அந்த கேமின் பெயரிலேயே ஒரு ஃபோல்டரில் இருக்கும். கேமை எடுத்துவிட்டு ஆறு மாதம் கழித்து மறுபடி போட்டாலும் விட்ட இடத்திலிருந்து தொடரலாம். மொத்தம் எட்டு இடம்தான் சேவ் செய்ய. சிம்மக்கல் பக்கம் பிரவுசிங் சென்டரில் மணிக்கணக்கு பேசி விளையாடியவர்களின் சோகம் அந்த எட்டு இடம்தான். நேற்று நீ வைத்த சேவின் மேல் இன்று வேறு பள்ளிக்கூடத்துப் பையன் தன் சேவை வைத்துவிட்டுப் போயிருப்பான். சில கடைகளில் 'டீப் ஃப்ரீஸ்' போட்டிருப்பார்கள். கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டால் காலையில் இருந்த நிலைக்கே திரும்பிவிடும். வைரஸும் போகும், உன் சேவும் போகும்.

இதில் ஒன்றைக் குழப்பிக்கொள்ளாதீர்கள். அன்இன்ஸ்டால் வேறு, ஃபார்மட் வேறு. 2011 செப்டம்பரில் அரசின் இலவச மடிக்கணினித் திட்டம் தொடங்கியது. நம் பிள்ளைகள் கையில் வந்த அந்த லேப்டாப்களில் விண்டோஸும் 'பாஸ்' லினக்ஸும் சேர்ந்தே இருந்தன. வாங்கிய ஒரு மாதத்தில் பாதிப்பேர் கடைக்குத் தூக்கிக்கொண்டு போய் 'அடிச்சுப் போடுங்கண்ணே' என்று ஃபார்மட் செய்தார்கள். அது புத்தகம், நோட்டு, அலமாரி எல்லாவற்றையும் சேர்த்துக் கொளுத்துவது. ஒரு மாணவி கல்லூரி பிராஜெக்டையே அப்படி இழந்துவிட்டு என் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து அழுதாள். கடைக்காரர் கேட்டதெல்லாம் "உள்ள ஏதாச்சும் வேணுமா பாப்பா?" என்ற ஒரு கேள்விதான். உள்ளே என்றால் எது என்று அவளுக்கு யாரும் சொல்லித்தந்திருக்கவில்லை.

இரண்டாவது, நோட்டு வாத்தியாரிடம் இருக்கும் வகை. இன்றைய கேம்களில் பெரும்பாலும் இதுதான். நம் லெவல், சட்டை, துப்பாக்கி எல்லாம் கம்பெனியின் சர்வரில் இருக்கும். போனில் இருப்பது ஜன்னல் மட்டும். ஆப்பை எடுத்தாலும், போனே தண்ணீரில் விழுந்தாலும் கணக்கு அங்கே பத்திரமாக இருக்கும். மறுபடி நிறுவி, அதே கூகுள் கணக்கிலோ ஃபேஸ்புக் கணக்கிலோ உள்ளே போனால் எல்லாம் வந்துவிடும். 'அதே கணக்கு' என்பதை அடிக்கோடிட்டுக்கொள்ளுங்கள். 'கெஸ்ட்' என்று விருந்தாளியாக நுழைந்து விளையாடியவனுக்கு இந்தப் பாதுகாப்பு கிடையாது. பெயர் எழுதாத நோட்டை வாத்தியார் யாரிடம் திருப்பிக் கொடுப்பார்?

இது பத்திரமான ஏற்பாடு என்று தோன்றும். வாத்தியார் ஊரைவிட்டுப் போகாதவரை பத்திரம்தான். 2020 செப்டம்பர் 2-ஆம் தேதி மத்திய அரசு 118 செயலிகளைத் தடை செய்தது. அதில் பப்ஜி மொபைலும் ஒன்று. அந்த அக்டோபர் 30-ஆம் தேதியோடு இந்தியாவில் அது நின்றுபோனது. மேலூரிலும் உசிலம்பட்டியிலும் இருந்த பையன்கள் யாரும் அன்இன்ஸ்டால் செய்யவில்லை. ஆப் போனிலேயே இருந்தது. திறந்தால் ஒன்றும் வரவில்லை. அதுவரை சேர்த்ததெல்லாம் எங்கோ ஒரு சர்வரில், கைக்கு எட்டாமல். அடுத்த ஆண்டு ஜூலை 2-ஆம் தேதி 'பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா' வந்தது. பழைய கணக்கிலிருந்ததை இங்கே மாற்றிக்கொள்ளக் கொஞ்ச காலம் வழி வைத்தார்கள். ஃபேஸ்புக் போன்ற சமூக வலைத்தளம் ஏதாவது ஒன்றில் கணக்கைக் கட்டி வைத்திருந்தவன் பிழைத்தான். விருந்தாளிப் பையன்கள் ஒன்றிலிருந்து தொடங்கினார்கள். 2022 ஜூலையில் அதையும் ஆப் கடைகளிலிருந்து எடுத்துவிட்டார்கள். அப்போது வேடிக்கை என்னவென்றால், ஏற்கெனவே போனில் வைத்திருந்தவன் விளையாடினான். பரீட்சைக்காக நல்ல பிள்ளையாக அழித்தவன் 2023 மே மாதம் அது திரும்பி வரும்வரை கடையில் தேடிக்கொண்டிருந்தான். தர்மம் எப்போதும் உடனே பலன் தருவதில்லை!

பெரியவர்கள் சிரிக்க வேண்டாம். நமக்கும் நடந்திருக்கிறது. 2009-இல் ஃபேஸ்புக்கில் 'ஃபார்ம்வில்' வந்தபோது நம் குடும்பத்திலேயே எத்தனை பேர் பயிர் வைத்தீர்கள்! திருமங்கலத்தில் இருக்கும் என் தங்கை, வீட்டில் நிஜமான கரிசல் காடு நாலு ஏக்கர் தரிசாகக் கிடக்க, நள்ளிரவில் எழுந்து ஸ்ட்ராபெரி அறுவடை செய்தாள். "கருகிப் போயிரும்ண்ணே" என்பாள். அந்தப் பண்ணையை 2020 டிசம்பர் 31-ஆம் தேதியோடு மூடிவிட்டார்கள். ஃபிளாஷ் என்ற தொழில்நுட்பத்தின் ஆயுள் அன்றைக்கு முடிந்தது, அதன்மேல் நின்றிருந்த பண்ணைகளும் முடிந்தன. பட்டா இல்லாத நிலம் அல்லவா.

மூன்றாவதுதான் ஆபத்தானது. நோட்டு புத்தகத்துக்கு உள்ளேயே இருக்கும் வகை. ஆண்ட்ராய்டு போனில் ஒவ்வொரு ஆப்புக்கும் தனி அறை ஒன்று கொடுத்திருப்பார்கள். அந்த ஆப் எழுதுவதை அந்த அறையிலேயே வைத்துக்கொள்ளும். அன்இன்ஸ்டால் கொடுத்தால் போன் அந்த அறையையே இடித்துவிடும். இங்கே பட்டியல் பார்ப்பதெல்லாம் இல்லை. குப்பை சேரக்கூடாது, ஒருவர் போன பிறகு அவர் ரகசியம் போனில் கிடக்கக்கூடாது என்ற நல்ல எண்ணத்தில் செய்த ஏற்பாடுதான். ஆனால் கம்ப்யூட்டரில் பழகிய அப்பாக்களுக்கு இது தெரியாது. 'எடுத்துட்டுத் திரும்பப் போட்டா வந்துரும்' என்று நம்புகிறார்கள்.

எங்கள் வீட்டிலேயே போன மாதம் இதுதான் நடக்க இருந்தது.

என் மகள் வயிற்றுப் பேரன் இந்த வருஷம் பத்தாம் வகுப்பு. கொரோனா காலத்தில் ஆன்லைன் வகுப்புக்காக வாங்கிய டேப்லெட் ஒன்று அவனிடம் இருக்கிறது. அதில் 'மைன்கிராஃப்ட்'. மார்க்கஸ் பெர்சன் என்ற ஸ்வீடன்காரர் 2009-இல் தொடங்கியது. 2014-இல் மைக்ரோசாஃப்ட் 250 கோடி டாலருக்கு வாங்கியது. சுடுவதும் கொல்வதும் குறைவு. கனசதுரக் கட்டைகளை அடுக்கி எதை வேண்டுமானாலும் கட்டலாம். ஒரு கட்டை ஒரு மீட்டர்.

அவன் கட்டியது எங்கள் பழைய வீட்டை. சோழவந்தான் பக்கம் ஆற்றுக்கால் ஓரம் இருந்த அந்த வீட்டுக்கு உங்களில் பலர் வந்து சாப்பிட்டிருக்கிறீர்கள். 2017-இல் அண்ணன் தம்பிகள் பங்கு பிரித்துக்கொண்டோம். வாங்கியவர் இடித்துவிட்டு மாடி வீடு கட்டிவிட்டார். அது அவர் இஷ்டம். திருமலை நாயக்கர் 1636-இல் கட்டிய மகாலையே அவருடைய பேரன் சொக்கநாத நாயக்கர் பிரித்துத் திருச்சிக்குக் கொண்டுபோனார் என்று வகுப்பில் சொல்லியிருக்கிறேன். இன்று நாம் டிக்கெட் வாங்கிப் பார்ப்பது கால்வாசிதான். தாத்தா கட்டியதைப் பேரன் பிரித்த கதை அது. எங்கள் வீட்டில் தலைகீழாக நடந்தது.

வீடு போனபோது பையனுக்கு ஏழு வயது. அவனுக்கு நினைவிருந்தது முற்றமும் கிணறும் மட்டும். மற்றதெல்லாம் கேட்டுக் கேட்டுக் கட்டினான். "தாத்தா, முற்றம் எத்தனை அடி?" பன்னிரண்டு என்றேன். "அப்ப நாலு கட்டை." அவன் அம்மாச்சிதான் மேஸ்திரி. அடுப்படியிலிருந்து கரண்டியோடு வந்து டேப்லெட்டைப் பார்த்து, "கெணறு வாசலுக்கு நேரா வரக்கூடாதுடா, கொஞ்சம் தள்ளு" என்பாள். திண்ணை, நடை, பட்டாசாலை, நெல் குதிர் இருந்த இருட்டறை, பின்னால் தொழுவம், அதற்கப்பால் வெற்றிலைக் கொடிக்கால். கொடிக்காலுக்கு கேமில் கிடைக்கும் ஏதோ காட்டுக் கொடியை ஏற்றிவிட்டிருக்கிறான். நான்கு வருஷ வேலை. எங்களிடம் அந்த வீட்டின் உள்புறப் படம் கல்யாண ஆல்பத்தில் இருக்கும் இரண்டு மூன்றுதான். எல்லாவற்றிலும் மனிதர்கள் மறைத்துக்கொண்டு நிற்கிறார்கள்.

மாப்பிள்ளை ஒரு சனிக்கிழமை வந்தார். அரையாண்டில் கணக்கில் குறைந்துவிட்டான், கோபம் நியாயம்தான். "மாமா, இன்னையோட அந்த கேமை எடுத்துறப் போறேன். நீங்க குறுக்க வரக்கூடாது" என்றார்.

பையன் அழவில்லை. "அப்பா, வீடு போயிரும்ப்பா" என்றான்.

"ஒண்ணும் போகாதுடா. காசு கொடுத்து வாங்குனது. லீவுல திரும்பப் போட்டா வந்துரும்."

இருவர் சொன்னதும் சரிதான். காசு கொடுத்து வாங்கிய கேம், அதே கூகுள் கணக்கில் எத்தனை முறை வேண்டுமானாலும் திரும்ப வரும். கடையில் வாங்கிய தோல், உடுப்பு எல்லாம் மைக்ரோசாஃப்ட் கணக்கில் இருக்கும், அதுவும் வரும். வீடு வராது. அந்த கேமில் நாம் கட்டும் உலகம் டேப்லெட்டில் மட்டுமே இருக்கிறது. மாதச் சந்தா கட்டி 'ரியல்ம்ஸ்' வைத்திருந்தால்தான் சர்வரில் இருக்கும். மாப்பிள்ளை புத்தகத்தைப் பற்றிப் பேசினார், பையன் நோட்டைப் பற்றிப் பேசினான்.

நான் குறுக்கே போகவில்லை. "அரை மணி நேரம் கொடுங்க மாப்பிள்ளை" என்று மட்டும் கேட்டுவிட்டு பெங்களூருக்குப் போன் போட்டேன். வழி சுலபமாக இருந்தது. உலகங்களின் பட்டியலில் அந்த வீட்டுக்குப் பக்கத்தில் பென்சில் படம் ஒன்று இருக்கிறது. அதை அழுத்திக் கீழே போனால் 'எக்ஸ்போர்ட் வேர்ல்டு' என்று வரும். அழுத்தினால் முழு வீடும் ஒரே ஃபைலாகக் கையில் வந்துவிடும். எங்கள் வீட்டுக் கல்யாண வீடியோவில் ஒரு ஓரம் அளவுகூட இல்லை அதன் எடை. அதை என் கூகுள் டிரைவில் ஒன்று, மகள் லேப்டாப்பில் ஒன்று, ஒரு பென்டிரைவில் ஒன்று என்று வைத்தோம்.

"இதோட விடாதீங்க சார்" என்றார் என் மாணவர். "திறந்து பாத்தாத்தான் அது காப்பி. திறக்காத வரைக்கும் அது வெறும் நம்பிக்கை." மகள் போனிலும் அதே கணக்கு இருந்ததால் அதில் கேமை இறக்கி, அந்த ஃபைலைத் தட்டினோம். வீடு நின்றது. கிணற்றில் தண்ணீர்கூட இருந்தது.

அப்போதுதான் மாப்பிள்ளை முதல்முறையாக அதை உற்றுப் பார்த்தார். மகனிடமிருந்து போனை வாங்கி, நடை வழியாக உள்ளே போய், பட்டாசாலையில் கொஞ்ச நேரம் நின்றார். "இங்கதான மாமா எனக்கு மோதிரம் போட்டீங்க?" என்றார். தூணுக்கு அந்தப்பக்கம் என்று அம்மாச்சி அடுப்படியிலிருந்தே சொன்னாள்.

பிறகு டேப்லெட்டில் அன்இன்ஸ்டாலைப் பையனே அழுத்தினான். தீர்ப்பு மாறவில்லை. மாற வேண்டும் என்று நானும் சொல்லவில்லை.

உங்களில் பலருக்கு என் மேஜை டிராயர் நினைவிருக்கும். பம்பரம், கோலிக்குண்டு, மல்யுத்தக்காரர் படம் போட்ட சீட்டுகள், பிற்காலத்தில் செல்போன். பிடுங்கிய ஒவ்வொன்றின் மேலும் பெயரும் வகுப்பும் எழுதிய துண்டுச் சீட்டு இருக்கும். கடைசிப் பரீட்சை முடிந்த அன்று திருப்பிக் கொடுப்பேன். அதே ஊழியத்தில் இருந்த வேறு சிலர் பம்பரத்தை மாணவன் கண்முன்னாலேயே உடைத்துப் போடுவார்கள். அந்தப் பிள்ளைகள் அதற்குப் பிறகு நன்றாகப் படித்ததாக நான் பார்த்ததில்லை. அந்த ஆசிரியரைக் கண்டால் ஒதுங்கிப் போகப் பழகினார்கள், அவ்வளவுதான்.

டிராயர் இன்றைய போனிலும் இருக்கிறது, பலருக்குத் தெரியவில்லை. ஐபோனில் 2017 முதல் 'ஆஃப்லோட் ஆப்' என்று உண்டு. ஆப் போகும், அதன் கணக்கு வழக்கு தங்கும். ஆண்ட்ராய்டு 15-இல் 'ஆர்க்கைவ்' என்று அதே வசதி வந்துவிட்டது. பிள்ளையின் கேமை மூன்று மாதம் மறைக்க இது போதும். செட்டிங்ஸில் 'கிளியர் கேஷ்' என்றும் 'கிளியர் டேட்டா' என்றும் பக்கத்துப் பக்கத்தில் இருக்கும் இரண்டையும் மாற்றி அழுத்திவிடாதீர்கள். முதலாவது பலகையைத் துடைப்பது. இரண்டாவது நோட்டைக் கிழிப்பது.

பெரியவர்களுக்கு ஒன்று. மாதச் சந்தா போட்ட ஆப்பை எடுத்துவிட்டால் சந்தா நிற்காது. பிளே ஸ்டோரில் போய்த் தனியாக நிறுத்த வேண்டும். பணம் கட்டி ஆடும் ரம்மிக்காரர்களுக்கு இதைவிட முக்கியம். தமிழ்நாட்டில் 2022-லேயே சட்டம் போட்டார்கள், 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றமும் தடைச் சட்டம் கொண்டுவந்தது. பயந்துபோய் ஆப்பை மட்டும் அழித்தவர்கள், கணக்கில் கிடக்கும் பாக்கியையும் கொடுத்த பான், ஆதார் விவரத்தையும் மறந்துவிடாதீர்கள். அவை போனில் இல்லை, வாத்தியாரிடம் இருக்கின்றன. கணக்கை முறைப்படி மூடச் சொல்லி எழுதி வாங்குங்கள்.

கடைசியாக உறவுகளுக்கு மட்டும். வீட்டு ஃபைல் வேண்டுபவர்கள் என் மகளிடம் கேளுங்கள், அனுப்புவாள். திறக்க அந்த கேம் வேண்டும். பார்த்துவிட்டுத் தம்பி ஒரு ஆட்சேபம் கிளப்பியிருக்கிறான், தொழுவம் கிழக்கே இல்லை, மேற்கே இருந்தது என்று. தங்கை என் கட்சி. அம்மாச்சி வாயைத் திறக்க மறுக்கிறாள். பரீட்சை முடிந்ததும் பையன் திருத்தத் தயாராக இருக்கிறான். யாரிடமாவது பழைய பொங்கல் போட்டோ இருந்து, பின்னால் தொழுவத்தின் ஒரு மூலை தெரிந்தாலும் போதும், எனக்கு அனுப்பி வையுங்கள்.